கர்தினாலின் பெறாமகன்

பதினொரு வருஷமும் நான்கு மாதமும் நான் ஒரு கர்தினாலிடம் வேலை பார்த்தேன். நான் சேர்ந்தபோது அவர் செத்து முந்நூற்றைம்பது வருஷத்துக்கு மேலாகிவிட்டது. ஆகவே அவர் என்னை ஒருநாளும் ஏசியதில்லை, நானும் லீவு கேட்டு அவருக்கு எழுதியதில்லை. மட்டக்களப்புக் கச்சேரி தொடங்கி மொன்றியல் வரை எனக்கு ஒன்பது மேலதிகாரிகள். ஒன்பது பேரிலும் அதிகம் பொய் சொன்னவர் இந்தக் கர்தினால். எனக்கு அதிகம் பிடித்தவரும் அவரே.

இதை இப்போது எழுத வைத்தவர் தர்ஷினி. மொன்றியலில் கோட்-டெ-நெய்ஜில் உள்ள ஒரு பல்கலைக்கழக நூலகத்தில் பழைய தாள்களுக்குப் பொறுப்பாக இருப்பவர். வயது முப்பத்துநாலு. யாழ்ப்பாணத்துத் தாய் தகப்பன், ஆறு வயதில் இங்கே வந்தவர், வீடு புரோசார்டில். போன மாதம் தொலைபேசியில் என்னைப் பிடித்தார்.

"சவரிமுத்து அங்கிள் தானே? உங்கட அட்டைப் பெட்டியள் எங்களிட்ட வந்திருக்கு. நாப்பத்திரண்டு பெட்டி."

"நாப்பத்துமூண்டு" என்றேன்.

"இல்லை அங்கிள், நான் லிஸ்ட் போட்டனான்."

"நாப்பத்திரண்டு பெட்டியில நூற்றைம்பது நூற்றைம்பதா அட்டை. கடைசிப் பெட்டியில நூற்றுப் பன்னிரண்டு. மொத்தம் ஆறாயிரத்து நானூற்றுப் பன்னிரண்டு. எண்ணிப்போட்டு வாரும்."

ஐந்து நிமிஷம் தொலைபேசியில் அவருடைய சப்பாத்துச் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு மூச்சு வாங்கிக்கொண்டு வந்தார். "ஓம் அங்கிள். ஒண்டு ஹீட்டருக்குப் பின்னால கிடந்தது. சொறி."

கர்தினாலின் வாழ்க்கை வரலாற்றுப் புத்தகத்துக்காக நான் எழுதிய குறிப்பு அட்டைகள் அவை. எல்லாவற்றையும் படமெடுத்துக் கணினியில் ஏற்றுகிறார்களாம். உலகத்தில் எவரும் தேடிப் பார்க்கலாமாம். ஒரேயொரு சந்தேகம். அட்டை ஒன்றில் நான் தமிழில் எழுதியிருக்கும் சொல்லும், அச்சான புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் நான் தமிழில் எழுதியிருக்கும் சொல்லும் ஒத்துவரவில்லை.

"எது சரி எண்டு சொன்னீங்களெண்டால் மற்றதைப் பிழை எண்டு பதிஞ்சிடுவன். டைப்போ தானே, என்ன?"

"ஒரு கிழமை பொறும்."

"ஒரு சொல்லுக்கு ஒரு கிழமையோ!"

அந்தச் சொல்லுக்கு ஒரு கிழமை குறைவு. அதற்காகவே இந்தக் கட்டுரை. கர்தினாலின் பெயரை எழுதமாட்டேன். அவரைப் புனிதராக்கும் வழக்கு உரோமில் இன்னும் வரிசையில் நிற்கிறது. என்னால் அது விழுந்தது என்று ஒருவர் சொல்லக்கூடாது. அவருடைய சொந்தக்காரர்களுக்கு வேறு பெயர் வைத்திருக்கிறேன்.

நான் படித்ததைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். சிறிய குருமடத்தில் நாலு வருஷம், அதில் லத்தீன் மூன்று வருஷம். குருவாக வேண்டியவன் ஆகவில்லை. காரணம் றோசலின், முப்பத்தேழு வருஷமாக எல்லாவற்றுக்கும் காரணம் அவள்தான். பிறகு கச்சேரி என்கிற மாவட்ட அரச அலுவலகத்தில் காணிப் பகுதியில் பத்தொன்பது வருஷம். காணி உறுதிப் பத்திரங்களில் யாருக்கு யார் என்ன முறை என்று பார்ப்பது என் வேலை. அங்கே ஒரு முறைப்பெயர் பிழைத்தால் ஒரு குடும்பம் நீதிமன்றத்தில் கிடக்கும். பிறகு நாட்டில் நடந்தது உங்களுக்குத் தெரியும். எழுபத்தெட்டு கிலோவில் புறப்பட்டவன் அறுபத்திரண்டு கிலோவில் மொன்றியலில் இறங்கினேன்.

முதல் வேலை துறைமுகத்துக்குப் பக்கத்துக் களஞ்சியம் ஒன்றில் பெட்டி எண்ணுவது. முதல் நாள் ஒரு பெட்டி நழுவி ஒருவரின் காலில் விழுந்தது. அவர் "நற்கருணைப் பேழையே!" என்று கத்தினார். பக்கத்தில் நின்றவர் "திருக்கிண்ணமே!" என்றார். மூன்றாமவர் "நற்கருணை அப்பமே!" என்றார். என்ன பக்தியான ஜனங்கள் என்று நெகிழ்ந்து நான் சிலுவை அடையாளம் போட்டேன். மூவரும் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார்கள். இந்தக் கெபெக் மாகாணத்தில் கெட்ட வார்த்தைகள் எல்லாம் கோவில் சாமான்களின் பெயர்கள் என்று விளங்க எனக்கு எட்டு நாள் பிடித்தது. பேழைக்குப் பிரெஞ்சில் உள்ள சொல்லை இவர்கள் "தபர்நாக்" என்பார்கள். மரியாதையான இடத்தில் அதைச் சொல்லமுடியாது. இந்தச் சொல்லை ஞாபகத்தில் வைத்திருங்கள்.

களஞ்சியம் மூடியதும் கோட்-டெ-நெய்ஜில் ஒரு குருமார் வீட்டில் தரை துடைக்கப் போனேன். அந்தச் சபையைத் தொடங்கியவர்தான் நம்முடைய கர்தினால். வீட்டில் எழுபத்திரண்டு அறை, குருமார் பதினொரு பேர், அதில் நடக்கக்கூடியவர்கள் ஏழு பேர். நூலக அறையில் பேர் கமில் இருந்தார். பிரெஞ்சில் குருவானவரை "பேர்" என்பார்கள்; தந்தை என்று அர்த்தம். என் காதில் அது பெயர் என்றே விழும். "பேர் கமில்" என்று கூப்பிடும்போதெல்லாம் யாரோ படிவம் நிரப்புவதுபோல இருக்கும். அவர் கர்தினாலின் வாழ்க்கை வரலாற்றை எழுதிக்கொண்டிருந்தார். நான் போனபோதே இருபது வருஷமாக எழுதிக்கொண்டிருந்தார்.

மூன்றாவது கிழமை மேசைக்குக் கீழே ஓர் அட்டை கிடந்தது. பிறந்த வருஷம் மேலே, ஆயரான வருஷம் கீழே, ஆயரானபோது வயது பதினான்கு என்று லத்தீனில் ஒரு வரி. துடைப்பத்தைச் சுவரில் சாத்திவிட்டுக் கழித்துப் பார்த்தேன்.

"பேர், இது பிழை. பதின்மூன்று."

அவர் தலையைத் தூக்கவில்லை. "ருகோந்தே" என்றார். திரும்ப எண்ணும் என்று அர்த்தம். எண்ணினேன். பதின்மூன்று. அப்போதுதான் என்னைப் பார்த்தார். அடுத்த திங்கட்கிழமை துடைப்பம் வேறொருவரின் கையில் இருந்தது.

இனிக் கர்தினாலின் உத்தியோகக் கதை. ஒன்பது வயதில் ஒரு மடத்துக்கு அதிபர். மடத்தைக் கண்ணால் கண்டதில்லை, வருமானம் மட்டும் வந்தது. பதின்மூன்று வயதில் ஆயர். மறைமாவட்டத்துக்கு முதல் தடவை போனது முப்பத்தைந்து வயதில், அதுவும் வழிதவறி. பத்தொன்பது வயதில் சிவப்புத் தொப்பி, ஏனென்றால் தாய்மாமன் போப்பாண்டவர். வீட்டில் வேலையாட்கள் நூற்று நாற்பத்துமூன்று பேர். அதில் ஒருவருக்குக் கிளியைப் பார்ப்பது மட்டும் வேலை. போப்புத் தேர்தல் நான்கில் இருந்தார். ஒன்றில் அவருக்கே பதினேழு வாக்கு விழுந்தது. அந்தப் பதினேழு பேரின் பெயரையும் அவர் எழுதி வைத்திருந்தார், விழாதவர்களின் பெயரைக் கொஞ்சம் பெரிய எழுத்தில். எங்கள் ஊர்ச் சபை ஒன்றில் தலைவராக நின்று தோற்றவர்கள் இதைப் புரிந்துகொள்வார்கள்.

இப்படிப்பட்ட ஆளைப் புனிதராக்குவதா என்று கேட்பீர்கள். நானும் கேட்டேன். நாற்பத்தாறு வயதில் அவருடைய நகரத்தில் கொள்ளைநோய் வந்தது. மற்றப் பிரபுக்கள் மலைக்கு ஓடினார்கள். இவர் ஓடவில்லை. களஞ்சியத்தைத் திறந்துவிட்டார். வெள்ளிப் பாத்திரங்களை உருக்கினார். பதினான்கு மாதம் நோயாளிகளின் கூடாரத்துக்குப் பக்கத்திலேயே படுத்தார். ஏன் மாறினார் என்று எந்த அட்டையிலும் இல்லை. அந்தப் பதினான்கு மாதத்துக்கு மட்டும் எங்களிடம் எண்ணூற்று நாலு அட்டை இருந்தது. இருந்த கிளியும் அப்போது செத்துப்போனது.

வேலை நடந்த விதத்தைச் சொல்லவேண்டும், ஏனென்றால் தர்ஷினியின் இயந்திரத்துக்கு அது தெரியாது. புத்தகத்தில் வரும் ஒவ்வொரு ஆளுக்கும் ஓர் அட்டை. முதல் வரி பெயர், இரண்டாவது பிறப்பு, மூன்றாவது இறப்பு, நாலாவது கர்தினாலுக்கு என்ன முறை. எழுதுவது பென்சிலால். மூலத்தாளின் படத்தை நாங்களே கண்டிருந்தால் நீலம். இன்னொருவர் எழுதியதைப் பார்த்து எழுதினால் சிவப்பு. ஊகம் என்றால் கறுப்பு. கறுப்பு நீலமாகும் வரை அட்டை பெட்டிக்குள் போகாது.

பேர் கமில் காலை ஏழு ஐம்பதுக்கு வருவார். உயரமான மனிதர், வெயில் காலத்திலும் இரண்டு கம்பளிச் சட்டை. பாண் ரொட்டியை வாட்டி நாலாக வெட்டி, நாலாவது துண்டைப் பத்து மணிக்கு வைத்திருப்பார். பென்சிலைச் சீவிவிட்டு ஊதுவார். நான் ஒரு பிழையைக் கொண்டுபோனால் சரி என்றும் சொல்லமாட்டார், பிழை என்றும் சொல்லமாட்டார். "ருகோந்தே." கேட்கப் பிடிக்காத செய்தி என்றால் காதுக் கருவியைக் கழற்றிப் பென்சில் பெட்டிக்குள் போடுவார். பதினொரு வருஷத்தில் அவர் அதைக் கழற்றியது ஆறு தரம். அவர் வாயில் கெட்ட வார்த்தை வந்து நான் கேட்டது ஒரு தரம்.

எனக்கென்று ஒரு பழக்கம் இருந்தது. அட்டையின் பின்பக்கம் முதலில் தமிழில் எழுதுவேன், பிறகுதான் முன்பக்கம் பிரெஞ்சில். நாலாவது வரிதான் என்னை வதைக்கும். பிரெஞ்சில் "நெவே" என்று ஒரு சொல் இருக்கிறது. அண்ணன் மகனும் நெவே, தங்கை மகனும் நெவே. லத்தீன் இன்னும் தாராளம். "நெப்போஸ்" என்றால் பேரனையும் சேர்த்துக்கொள்ளும். அந்தக் காலத்துப் போப்புமார் பலர் ஏன் லத்தீனை விரும்பினார்கள் என்று அப்போது விளங்கியது. எங்களுக்கு இந்த வசதி கிடையாது. ஓர் ஆணுக்குச் சகோதரி மகன் என்றால் மருமகன், சகோதரன் மகன் என்றால் பெறாமகன். எந்தப் பக்கம் என்று தெரியாமல் நாலாவது வரியைத் தமிழில் நிரப்பமுடியாது. கர்தினாலின் சொந்த அட்டையிலேயே பார்த்துத்தான் எழுதினேன்: போப்புக்குத் தாய்வழி, ஆகவே மருமகன்.

2004 தை மாதம் ஒத்தாவியோவின் அட்டை என்னிடம் வந்தது.

அப்போது நிலைமை இப்படி இருந்தது. குருமார் வீடு விற்றாகிவிட்டது. வாங்கியவர்கள் யூன் முதலாம் திகதி வந்து எழுபத்திரண்டு அறையையும் அடுக்குமாடி வீடுகளாக்கப் போகிறார்கள். உயிரோடிருந்த ஆறு குருமாரை வேறு இடத்துக்கு அனுப்புவதாக முடிவு. புத்தகத்தை அதற்குமுன் அச்சுக்குக் கொடுத்தால் சபை அச்சடிக்கும். இல்லாவிட்டால் பெட்டிகள் எங்கோ ஒரு நிலவறைக்குப் போகும். புனிதர் வழக்கும் அந்தப் புத்தகத்துக்காகக் காத்திருந்தது. பேர் கமிலுக்கு வயது எண்பத்துநாலு, இருதயத்துக்கு மாத்திரை நாளொன்றுக்கு ஐந்து. அவர் முப்பத்தொரு வருஷம் எழுதியதைக் கையில் பிடிப்பாரா இல்லையா என்பதுதான் அந்தக் குளிர்காலத்துக் கேள்வி.

ஒத்தாவியோ கர்தினாலின் நெவே. அவர் வீட்டில் வளர்ந்தவன், அவர் செத்தபோது கையைப் பிடித்துக்கொண்டிருந்தவன். கர்தினாலின் குடும்பப் பெயரே அவனுக்கும். அப்படியென்றால் சகோதரன் மகன். கர்தினாலுக்கு ஒரேயொரு அண்ணன், ஜூலியோ. குதிரையிலிருந்து விழுந்து செத்தவர். அட்டையின் பின்பக்கம் "பெறாமகன்" என்று கறுப்புப் பென்சிலால் எழுதிவிட்டு, நீலமாக்குவதற்காக ஜூலியோவின் அட்டையை எடுத்தேன். கல்லறை எழுத்தின் படம் எங்களிடம் இருந்தது. நீலம். ஒத்தாவியோவின் ஞானஸ்நானப் பதிவின் படமும் இருந்தது. அதுவும் நீலம்.

ஜூலியோ செத்து நாலு வருஷம் கழித்து ஒத்தாவியோ பிறந்திருந்தான்.

வீட்டுக்குப் போய் றோசலினிடம் சொன்னேன். அவள் ஆஸ்பத்திரியில் துப்புரவு வேலை முடித்து வந்து கால்களை வெந்நீரில் வைத்துக்கொண்டிருந்தாள். கர்தினாலின் கதையை நாளாந்தம் கேட்பது அவளுக்குத் தொடர் நாடகம் பார்ப்பதுபோல.

"செத்த மனிசனுக்கு நாலு வருஷம் கழிச்சுப் புள்ளையோ!" என்றாள். "நம்மட ஊரெண்டா ஞானஸ்நானத் தண்ணி காயமுன்னம் கண்டுபிடிச்சிருப்பாங்க. உங்கட உரோமாபுரிக்கு முந்நூற்றைம்பது வருஷம் போதாமப்போச்சா?"

"வேற விளக்கமும் இருக்கலாம்."

"ஓம், இருக்கும். குதிர பெத்திருக்கும்."

அடுத்த நாள் பேர் கமிலிடம் போனேன். நாங்கள் பேசியது பிரெஞ்சில். என்னுடையது துறைமுகத்துப் பிரெஞ்சு. "ஜூலியோ இறந்து நாலு வருஷத்துக்குப் பிறகு ஒத்தாவியோ பிறந்திருக்கிறார், பேர்" என்றேன்.

"ருகோந்தே."

எண்ணினேன். நாலு. மறுநாளும் போனேன். அந்த நகரத்தில் அப்போது புதுவருஷம் மார்ச் கடைசியில் பிறந்தது, அதைக் கணக்கில் எடுத்தீரா என்றார். எடுத்தேன். அதிகம் போனால் ஒரு வருஷம் குறையும். மூன்று வருஷம் வயிற்றில் இருக்கும் பிள்ளை யானைக்கும் இல்லை. மூன்றாவது நாள் இரண்டு அட்டைகளையும் அவர் முன்னால் பக்கத்தில் பக்கத்தில் வைத்தேன். இரண்டும் நீலம்.

கை காதுக் கருவிக்குப் போனது. கழற்றினார். பென்சில் பெட்டியைத் திறந்தார். பிறகு என்ன நினைத்தாரோ, திரும்பவும் காதில் மாட்டினார்.

"தபர்நாக்" என்றார், மெதுவாக, பூசை வாசகம் சொல்லும் குரலில்.

நான் கதிரையைப் பிடித்துக்கொண்டு நின்றேன்.

"எத்தனை தரம் எண்ணினீர், முசியே சவரி?"

"ஏழு தரம்."

"நான் முப்பத்தொரு வருஷமாக எண்ணுகிறேன்."

"தெரிந்துகொண்டா என்னை எண்ண வைத்தீர்கள்?"

"நீர் நல்லாக எண்ணுகிறவர். உமக்காவது வேறு விடை வராதா என்று ஒவ்வொரு தரமும் ஆசைப்பட்டேன்."

நாலாவது பாண் துண்டை எடுத்து என் பக்கம் தள்ளினார். பத்து மணி ஆகவில்லை.

"போப்புக்குத் தெரியும்" என்றார். "சமையல்காரனுக்குத் தெரியும். கிளிக்காரனுக்குத் தெரியும், கிளிக்கே தெரிந்திருக்கும். எல்லாருக்கும் தெரிந்ததால் ஒருவரும் எழுதிவைக்கவில்லை. அந்த மனிதனைப் பாரும். சொந்த மகன் அதே வீட்டில். மகன் மேசைக்கு எதிரே இருந்து முப்பது வருஷம் 'சித்தப்பா, உப்பை எடுங்கள்' என்கிறான். இதைவிடப் பெரிய தபசு எந்தப் புனிதர் செய்தார்?"

அவர் பிரெஞ்சில் சொன்ன சொல்லுக்கு மாமனும் ஒன்று, சித்தப்பனும் ஒன்று. நான் மனசுக்குள் சித்தப்பா என்று மாற்றிக் கேட்டதைச் சொன்னேன். அந்தச் சொல்லில் அப்பா இருக்கிறது, சின்ன அப்பா என்று அர்த்தம் என்றேன். பேர் கமில் அதைத் திரும்பச் சொல்லச் சொன்னார்.

"சித்-தப்-பா. சரி, அவர் இவனை எப்படிச் சொல்வார்?"

"பெறாமகன். மகன்தான், ஆனால் பெறவில்லை என்று அர்த்தம்."

அவர் சிரித்தார். இரண்டு கம்பளிச் சட்டையும் குலுங்கின. இருமல் வந்து தண்ணீர் எடுத்துக் கொடுக்கவேண்டியதாயிற்று. "உங்கள் பாஷை எங்கள் கர்தினால்மாருக்காகவே செய்ததுபோல இருக்கிறது! சொல்லும், அதில் எத்தனை எழுத்து மாற்றினால் உண்மை வரும்?"

"ஒன்று, பேர். 'றா' போய் 'ற்ற' வரவேண்டும். பெற்றமகன்."

"ஒரே ஒன்று" என்றார். சிரிப்பு நின்றுவிட்டது.

பிரச்சினை அத்துடன் முடியவில்லை, அங்கேதான் தொடங்கியது. புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் அட்டைகளைச் சரிபார்த்தவர் "அனைத்தையும் சரிபார்த்தேன்" என்று எழுதிக் கையொப்பமிட வேண்டும். அந்தச் சபையில் அது வழக்கம். சரிபார்த்தவன் நான். புத்தகத்தில் இருநூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தில் "ஒத்தாவியோ, அண்ணன் ஜூலியோவின் மகன்" என்று இருந்தது.

"என்னால் முடியாது, பேர்" என்றேன். "பத்தொன்பது வருஷம் கச்சேரியில் இருந்தேன். ஒரு பொய் முறைக்குக் கையெழுத்து வைத்ததில்லை."

"அந்த வரியை மாற்றினால் மேலிடம் அச்சடிக்காது. கையொப்பம் இல்லாவிட்டாலும் அச்சடிக்காது."

"அப்படியென்றால்?"

"அப்படியென்றால் புத்தகம் இல்லை." கோபமில்லாமல் சொன்னார். "உம்மைக் கட்டாயப்படுத்தமாட்டேன். பதின்மூன்றைப் பதினான்கு என்று விட்டிருந்தால் நீர் இன்னும் தரை துடைத்துக்கொண்டிருப்பீர். அது என் பிழை."

பதினொரு நாள் நான் ஒழுங்காகச் சாப்பிடவில்லை. பஸ்ஸில் தரிப்புகளை எண்ணி வருவேன்; பதினாறு; அந்த நாட்களில் இரண்டு தரம் பதினேழாவதில் இறங்கித் திரும்பி நடந்தேன். ஒரு பக்கம் ஒரு கிழவரின் முப்பத்தொரு வருஷம். மறுபக்கம் எனக்கென்று மிஞ்சியிருந்த ஒரேயொரு பெருமை. காணி போனது, வீடு போனது, உத்தியோகம் போனது. பொய்க் கையெழுத்து வைக்காதவன் என்பது மட்டும் என்னோடு விமானத்தில் வந்தது. பேர் கமில் ஒன்றும் கேட்கவில்லை. காலை ஏழு ஐம்பதுக்கு வருவார், பென்சிலை ஊதுவார். பாண் துண்டு நாலும் தட்டில் கிடக்கும்.

பன்னிரண்டாம் நாள் றோசலின் பொறுமையிழந்தாள். "ஒரு செத்த மனிசன்ட களவுக்கு நீங்க ஏன் பட்டினி கிடக்கிறீங்க? கடதாசியில என்னதான் வைக்கோணும்?"

"கையெழுத்து."

"உங்கட கையெழுத்து எந்தப் பாஷையில?"

"தமிழில. உனக்குத் தெரியாதா?"

"அப்ப சத்தியத்தையும் தமிழ்லயே பண்ணிப்போட்டு வாங்களன். இஞ்ச பிரெஞ்சுக்காரன் வாசிக்கப்போறானா, உரோமாபுரியில வாசிக்கப்போறாங்களா?" சொல்லிவிட்டு முருங்கைக்காயைக் கொதிக்கிற கறிக்குள் போட்டாள்.

மறுநாள் அதைப் பேர் கமிலிடம் அப்படியே சொன்னேன், முருங்கைக்காயைத் தவிர. அவர் பென்சிலைச் சீவி ஊதினார். வெளியே பனியை வாரிக்கொண்டிருந்தார்கள்.

"என்ன எழுதுவீர்?"

"எண்ணினேன் என்று எழுதுவேன். உண்மையையும் எழுதுவேன்."

"யாராவது வாசிக்கும் நாள் வந்தால்?"

"வரலாம், பேர். எங்கள் ஆட்கள் எல்லா இடத்திலும் இருக்கிறார்கள்."

"வாசிக்கட்டும்" என்றார். "எழுதிய உண்மை அச்சில் இருக்கவேண்டும். எந்தப் பாஷையில் என்று ஒரு சட்டத்திலும் இல்லை. யாராவது கேட்டு வருவதற்குள் நான் கர்தினாலையே நேரில் கேட்டிருப்பேன்." பிறகு பென்சில் பெட்டியைத் திறந்து என்னிடம் நீட்டினார். "நீலம்" என்றார்.

நான் எழுதியது இதுதான்: "ஆறாயிரத்து நானூற்றுப் பன்னிரண்டு அட்டைகளையும் எண்ணினேன். ஒத்தாவியோ கர்தினாலின் பெற்றமகன். மற்றவை புத்தகத்தில் உள்ளபடி. சவரிமுத்து." ஒத்தாவியோவின் அட்டை மட்டும் கறுப்போடு பெட்டிக்குள் போனது. என் கையெழுத்தை அப்படியே படமெடுத்துக் கடைசிப் பக்கத்தின் அடியில் அச்சிட்டார்கள். நானூறு பிரதி, பிரதிக்கு ஆயிரத்து நூற்று முப்பத்தாறு பக்கம். மே பத்தொன்பதாம் திகதி பேர் கமில் அதைக் கையில் வாங்கினார். இரண்டு கையாலும் தூக்கமுடியவில்லை. மடியில் வைத்துக் கடைசிப் பக்கத்தை முதலில் திறந்தார். என் எழுத்தின்மேல் விரலை ஓட்டி, "எது 'ற்ற'?" என்று கேட்டார். காட்டினேன். ஆவணியில் அவர் போய்ச் சேர்ந்தார். நல்லடக்கத்துக்கு வந்தவர்கள் இருபத்துமூன்று பேர், என்னையும் றோசலினையும் சேர்த்து.

உரோமிலிருந்து பதில் அடுத்த வருஷம் வந்தது. சபை எனக்கும் ஒரு பிரதி அனுப்பியது. பணி பாராட்டுக்குரியது, ஆய்வுக்கு எடுத்துக்கொள்ளப்பட்டது. அறுநூற்று எட்டாம் பக்கத்தில் ஒரு கிராமத்தின் பெயரில் எழுத்துப்பிழை, திருத்தவும். கடைசிப் பக்கத்தின் அடியிலுள்ள சித்திர வேலைப்பாடு மிகவும் அழகாக இருக்கிறது.

சித்திர வேலைப்பாடு! றோசலின் அந்தக் கடிதத்தைக் குளிர்சாதனப் பெட்டியில் ஒட்டி வைத்திருக்கிறாள்.

அதற்குப் பிறகு நாலு வருஷம் ஒருவரும் கேட்கவில்லை, போன மாதம் வரை. டைப்போ என்று ஒரு சொல் சொன்னால் போதும். கர்தினாலின் பெயர் சுத்தமாகக் கணினிக்குள் போய்விடும். சொல்லாவிட்டால் உலகமே தேடி எடுக்கும். ஒரு கிழமை யோசித்தேன். சரியாக ஏழாம் நாள் தர்ஷினி எடுத்தார்.

"அங்கிள், கிழமை முடிஞ்சுது. அட்டைக்குப் பின்னால பெறாமகன். அம்மாட்டக் கேட்டன், அண்ணன்ர மகனாம். புத்தகத்தில பெற்றமகன் எண்டு வாசிக்கிறன். உங்கட கையெழுத்து கோழி கிளறின மாதிரி, ஆனா அப்பிடித்தான் கிடக்கு. எதைப் பிழை எண்டு போட?"

"பெறாமகன் என்ன நிறப் பென்சில்?"

"கறுப்பு."

"சரி. ஜூலியோ எண்டு ஓர் அட்டை இருக்கும். எடும். மூண்டாவது வரியைப் பாரும், செத்த வருஷம். பேந்து ஒத்தாவியோவின்ர இரண்டாவது வரியைப் பாரும், பிறந்த வருஷம்."

"ரெண்டும் நீலம் அங்கிள்."

"நல்லது. இப்ப எண்ணும்."

தமிழில் கதைப்பவர்தான், ஆனால் இங்கே பள்ளிக்கூடம் போனவர்கள் எண்ணும்போது பிரெஞ்சில்தான் எண்ணுவார்கள். வாய்க்குள் முணுமுணுப்பது கேட்டது. "அன்... தெ... த்ருவா... கத்ர." நாலில் நின்றது.

"அங்கிள்!" என்றார். "இந்த ஆளையோ புனிதராக்கப் போகினம்? நான் பிழையா எண்ணிட்டன் போல."

எனக்குப் பாண் வாட்டிய மணம் எங்கிருந்தோ வந்தது.

"ருகோந்தே" என்றேன்.